மூன்று அங்குலம் கூடுதல்

கண்டக்டர் பழைய பனியனைக் கிழித்து, பாலிஷில் தோய்த்து, அலமாரியின் கடைசித் தட்டைத் தேய்த்துக்கொண்டிருந்தார். பதினாறு வருஷம் பஸ்ஸில் டிக்கெட் கிழித்தவர். வேலையை விட்டுவிட்டு, மனைவியின் தம்பியோடு மரச்சாமான் கடை போட்ட பிறகும் தெருவுக்கு அவர் கண்டக்டர்தான். இதுவரை விற்றது நான்கு முக்காலி. இன்று முதல் பெரிய உருப்படி போகிறது: பள்ளிக்கூட நூலகத்துக்கு, நாலு பக்கமும் புத்தகம் அடுக்கும் சதுர அலமாரி. மனுஷனுக்குக் கால் தரையில் பாவவில்லை.

"இன்னைக்கு இது போகலன்னா கடை எனக்கு. தையல் மிஷினைப் போட்டுக்குவேன்" என்று மனைவி காலையிலேயே சொல்லிவிட்டாள். சொன்னால் செய்கிறவள்.

தலைமையாசிரியை வண்டியோடு வந்து இறங்கினார். "பத்து மணிக்குத் திறப்பு விழா. சீக்கிரம்!"

"தூக்கு மச்சான்!"

அலமாரி மாப்பிள்ளை மாதிரி வாசல்வரை போய், நிலையில் முட்டி நின்றது. திருப்பினார்கள், எந்தப் பக்கம் திருப்பினாலும் அதே அகலம். மச்சானின் தலை மேல்தட்டு வழியாக எட்டிப் பார்த்தது.

"மாமா, வாசல் நாப்பதுன்னு நீங்கதான சொன்னீங்க?"

"டேப்புல நாப்பதுடா. நாலைக் கழிச்சியா?"

"நீங்க கழிச்சிட்டுத்தான் சொல்றீங்கன்னு நெனச்சேன்!"

கடையின் ஒரே டேப் முனை உடைந்து நான்காம் அங்குலத்தில் தொடங்கும். மாமாவிடம் போய் 'கழிச்சீங்களா' என்று கேட்டால் நன்றாகவா இருக்கும்? மச்சான் தாராளமாக முப்பத்தொன்பதில் அடித்துவிட்டான். வாசல் முப்பத்தாறு.

"பிரிச்சு எடுத்துட்டுப் போகலாமே?" என்றார் தலைமையாசிரியை.

"பிரியுற மாதிரி நாங்க செய்யறதில்ல டீச்சர்" என்றார் கண்டக்டர், அந்த நிலையிலும் பெருமையாக. உடனே அவர் கண் மின்னியது. "மச்சான், கடப்பாரை!"

வண்டிக்காரரும் கை கொடுத்தார். நிலை ஆடியது, கதவோடு பெயர்ந்தது, கூடவே ஒரு கூடை சிமென்ட்டும் உதிர்ந்தது. "ரை... ரைட்!" என்று பழைய குரலில் கத்தினார் கண்டக்டர். அலமாரி வண்டியேறியது. மணி பத்தாக இன்னும் கால் மணி இருந்தது. மாமனும் மச்சானும் தூசியோடு கட்டிப் பிடித்துக் குதித்தார்கள்.

சத்தம் கேட்டுப் பின்கட்டிலிருந்து மனைவி வந்தாள், கழுத்தில் தையல் டேப்போடு. வாசல் இருந்த இடத்தில் தெரு முழுசாகத் தெரிந்தது.

"போயிடுச்சு அக்கா! கடை நமக்குத்தான்!"

"சரி, உங்களுக்குத்தான். புதுக் கதவுக்கு யாரு அளவெடுக்கப் போறீங்க?"

கண்டக்டர் மச்சானைப் பார்த்தார். மச்சான் கண்டக்டரைப் பார்த்தான்.

அவள் கழுத்து டேப்பைக் கழற்றி முக்காலிமேல் வைத்துவிட்டு உள்ளே போய்விட்டாள்.