ஸ்டெல்லா மிஸ் திருத்தாமல் விட்ட ஒரு தப்பு

நம் பள்ளி ஆசிரியைகளின் வாட்ஸ்அப் குழுவில் அன்று காலை வரிசையாகப் பூக்களும் கைகூப்பிய படங்களும் வந்திருந்தன. யாருக்கோ பிறந்தநாள் என்று நினைத்து, பேரனுக்கு இட்லி ஊட்டிய கையைத் துடைத்தபடி நானும் ஒரு பூங்கொத்தைத் தட்டிவிட்டேன். பத்து நிமிடம் கழித்துத்தான் மேலே தள்ளிப் பார்த்தேன். நம்மோடு கம்ப்யூட்டர் பாடம் எடுத்த ஸ்டெல்லா மிஸ்ஸுக்கு விடியற்காலையில் நெஞ்சு வலி வந்து, ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோகும் வழியிலேயே உயிர் பிரிந்துவிட்டது. அந்தச் செய்திக்குக் கீழே எல்லோரும் அஞ்சலி செலுத்தியிருக்க, நடுவில் என் பூங்கொத்து மட்டும் 'வாழ்த்துகள்' என்று மின்னிக்கொண்டிருந்தது.

அவசரமாக அதை அழித்தேன். அழிக்கும்போதே காதில் அவள் குரல் கேட்டது. "இன்னா தமிழம்மா, மேல படிச்சிட்டுக் கீழ எழுதக் கூடாதா?" உயிரோடு இருந்திருந்தால் நிச்சயம் அடுத்த நிமிடம் போன் செய்து அப்படித்தான் கேட்டிருப்பாள். சமையலறையில் நின்றபடியே அழுதேன். மருமகள் பயந்துபோய் அடுப்பை அணைத்தாள்.

உங்களில் அவளிடம் திருத்தம் வாங்காதவர் யார்? நம் பள்ளியில் இருபது வருடத்துக்கு மேல் அவளுக்குப் பக்கத்து நாற்காலியில் உட்கார்ந்தவள் நான். தமிழ் எடுத்தவள் என்றுகூடப் பார்க்காமல், நான் கரும்பலகையில் விட்ட ஒற்றெழுத்தை வராந்தாவில் போகிற போக்கில் ஜன்னல் வழியாகச் சொல்லிவிட்டுப் போவாள். தாளாளர் மேடையில் ஏதாவது தப்பாகச் சொன்னால், இறங்கி வந்ததும் அவர் எதிரே போய் நிற்பாள். சிலருக்கு அது திமிராகத் தெரிந்தது. எனக்கும் பல நாள் பற்றிக்கொண்டு வந்திருக்கிறது.

ஆனால் ஒரு முறை அவள் வாயே திறக்கவில்லை. நம் பழைய தலைமையாசிரியரின் பிரிவு உபசார விழா உங்களுக்கு நினைவிருக்கும். மனிதர் நெகிழ்ச்சியில் பள்ளி தொடங்கிய வருடத்தைத் தப்பாகச் சொன்னார். இறந்துபோன பியூனை இன்னும் வேலையில் இருப்பதாக வாழ்த்தினார். ஸ்டெல்லாவை 'நம் கணக்கு டீச்சர்' என்றார். நான் அவள் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தேன். அவள் அமைதியாகக் கைதட்டினாள். வெளியே வந்ததும், "ஏன்டி சும்மா இருந்தே? உடம்பு சரியில்லையா?" என்று கேட்டேன்.

"அவரு நாளைலேர்ந்து வரப்போறதில்லையே கௌரி. அடுத்த தடவைன்னு ஒண்ணு இருக்கறவங்களைத்தான் திருத்தணும். இல்லேன்னா எதுக்கு? நல்லபடியா போயிட்டு வரட்டும்னு விட்டுடணும்" என்றாள்.

அன்று அதை நான் பெரிதாக எடுத்துக்கொள்ளவில்லை. கையில் கொடுத்த சமோசா ஆறிவிடப் போகிறதே என்ற கவலையில் இருந்தேன்.

நாங்கள் இருவரும் அடுத்தடுத்த வருடங்களில் ஓய்வு பெற்றோம். சிட்லபாக்கத்தில் ஏரிக்குப் பக்கத்துத் தெருவில் அவளும் அவள் அக்கா ரூபியும் இருந்தார்கள். ரூபி அக்கா நர்ஸாக இருந்தவர். ஸ்டெல்லா கல்யாணம் செய்துகொள்ளவில்லை. ரூபி அக்காவின் மகன் ஆஸ்திரேலியா போனபோது, டிவியில் மாட்டி விளையாடும் பழைய கேம் பெட்டி ஒன்றையும், ஒரு அட்டைப்பெட்டி நிறைய சிடி மாதிரி விளையாட்டுத் தட்டுகளையும் விட்டுவிட்டுப் போயிருந்தான். பெட்டியில் தட்டு சுழலும் பாகம் பழுதாகிவிட்டது. வேறு யாராக இருந்தாலும் பழைய பேப்பர்காரரிடம் போட்டிருப்பார்கள். ஸ்டெல்லா அதற்குள் ஏதேதோ மென்பொருளை ஏற்றி, வெளியிலிருந்து மாட்டும் ஹார்ட் டிரைவிலிருந்தே விளையாட்டுகளை ஓடவைத்துவிட்டாள். வீட்டில் இருந்த தட்டுகளைத்தான் ஒவ்வொன்றாக அந்த டிரைவில் ஏற்றினாள். இணையத்திலிருந்து ஓசியில் இறக்கித் தருகிறேன் என்று யாரோ சொன்னதற்கு அவனையும் திருத்தி அனுப்பினாளாம்.

அறுபது வயதில் இதென்ன கூத்து என்றுதான் முதலில் சிரித்தேன். பிறகு ஒரு சனிக்கிழமை சாயங்காலம் அவள் கட்டாயத்துக்காக உட்கார்ந்தவள், ரூபி அக்கா வந்து விளக்கைப் போடும்வரை எழுந்திருக்கவில்லை.

அந்தப் பெட்டிக்குப் பெரிய டிரைவ் எதுவும் லேசில் ஒத்துவராது. ஒன்றுக்கு மின்சாரம் போதாது. ஒன்று சூடாகும். ஒவ்வொன்றையும் சோதித்து, அதன் மேல் வெள்ளை டேப் ஒட்டி, வகுப்பறைக் கையெழுத்தில் குறித்துவைப்பாள். 'தனி வயர் வேண்டும்.' 'மெதுவாக எழுந்திருக்கும், திட்ட வேண்டாம்.' இப்படி. "இந்தப் பெட்டி பொறந்த காலத்துல இவ்ளோ பெரிய டிரைவ் எல்லாம் எவன் கண்டான்? ரெண்டு டெராபைட்டு, அதான் ரெண்டு டிபி, அதுக்கு மேல போனா இதுக்கு எண்ணவே தெரியாது. எதுவுமே இல்லாத மாதிரி முழிக்கும்" என்று குறைந்தது பத்து முறையாவது என்னிடம் சொல்லியிருப்பாள். நானும் முறுக்கைக் கடித்துக்கொண்டு பத்து முறையும் தலையாட்டியிருக்கிறேன்.

நாங்கள் விளையாடியது ஒரே விளையாட்டுத்தான். இரண்டு பொம்மை மனிதர்கள் ஒரு பாழடைந்த கோட்டையிலிருந்து வெளியே வர வேண்டும். ஒருவர் தரையில் இருக்கும் கல்லின் மேல் நின்றால்தான் இன்னொருவருக்குக் கதவு திறக்கும். அந்த டிரைவுக்கு ஒரு கெட்ட பழக்கம் இருந்தது. சும்மா கொஞ்ச நேரம் விட்டால் தூங்கிவிடும். அதை எழுப்ப அந்தப் பழைய பெட்டிக்குத் தெரியாது. படம் அப்படியே உறைந்துவிடும். நாங்களோ விளையாடியதைவிடப் பேசியதுதான் அதிகம். ஸ்டெல்லா ஒரு வழி கண்டுபிடித்தாள். கோட்டையில் ஓர் அறையிலிருந்து அடுத்த அறைக்குப் போனால் பெட்டி டிரைவிலிருந்து புது அறையை எடுத்தாக வேண்டும். டிரைவ் விழித்துக்கொள்ளும். அதனால் ஒருத்தி பேசும்போது, இன்னொருத்தி தன் பொம்மையை ஏதாவது ஒரு வாசலுக்குள் போகவிட்டு, திரும்ப வரவிட்டுக்கொண்டே இருக்க வேண்டும் என்பது எங்கள் ஏற்பாடு.

என் கணவர் இறந்து, பதின்மூன்றாம் நாள் காரியம் முடிந்த சனிக்கிழமை அங்கே போனேன். ஆஸ்பத்திரியில், வீட்டில், சொந்தக்காரர்கள் எதிரே என்று எங்கும் அழாமல் சமாளித்தவள், அன்று அந்தக் கோட்டை வாசலில் கையில் இருந்ததைக் கீழே வைத்துவிட்டு ஒரு பாட்டம் அழுது தீர்த்தேன். அவரோடு கடைசியாகப் போட்ட சண்டை உட்பட எல்லாவற்றையும் கொட்டினேன். ஸ்டெல்லா என் முகத்தைப் பார்க்கவில்லை. டிவியைப் பார்த்தபடி, அவள் பொம்மையை வாசலுக்குள் அனுப்பி அனுப்பித் திரும்ப அழைத்துக்கொண்டிருந்தாள்.

எனக்கே வெட்கமாகி, "அதை அணைச்சுத் தொலையேன்டி. அப்புறம் பேசலாம்" என்றேன்.

"அணைச்சா நீ வூட்டுக்குக் கிளம்பிடுவே. நீ பேசு. நான் போயிப் போயி வரேன்" என்றாள்.

அதன் பிறகுதான் என் மகன் பெருங்களத்தூரில் ஃபிளாட் வாங்கினான். நானும் அங்கே போனேன். பேரன் பிறந்தான். பெருங்களத்தூருக்கும், அவள் வீட்டுக்கு இறங்க வேண்டிய சானடோரியம் ஸ்டேஷனுக்கும் நடுவே தாம்பரம் என்ற ஒரே ஒரு ஸ்டேஷன்தான். ஆனாலும் எனக்குக் காரணங்களுக்குப் பஞ்சமில்லை. குழந்தைக்குச் சளி. எனக்கு முட்டி வலி. தீபாவளிக்கு முந்தின வாரம் ஜிஎஸ்டி ரோட்டில் எறும்புகூட நகர முடியாது. எங்கள் விளையாட்டில் பாக்கியிருந்தது கடைசிக் கதவு ஒன்றுதான். ஒவ்வொரு வெள்ளிக்கிழமையும் போன் வரும். "நாளைக்கு வர்றியா? கதவு காத்துக்கினு இருக்கு." அடுத்த வாரம் என்பேன். அடுத்த வாரமும் அதையே சொல்வேன்.

ஒரு நாள் வேறு மாதிரி கேட்டாள். "கௌரி, டிரைவ்ல இடம் பத்தல. மிச்சத் தட்டையும் ஏத்தணும்னா சிலதை அழிக்கணும். எதை வெச்சுக்கறது, எதை அழிக்கறதுன்னு எனக்கு மனசு வரல. ஒரு நாள் வாயேன், சேர்ந்து உக்காந்து பாக்கலாம்."

நான் என்ன செய்தேன் தெரியுமா? அன்றைக்கே மகனை விட்டு, இருப்பதிலேயே பெரிதாக, நான்கு டிபி டிரைவ் ஒன்றை அவள் வீட்டு முகவரிக்கு ஆர்டர் போடவைத்தேன். பார்சல் போய்ச் சேர்ந்ததும் பெருமையாகப் போன் செய்தேன். "இனிமே ஒண்ணையும் அழிக்க வேணாம்டி. எல்லாத்தையும் வெச்சுக்கோ."

அந்தப் பக்கம் பார்சலைத் திருப்பித் திருப்பிப் பார்க்கும் சரசரப்பு கேட்டது. பிறகு, "ரொம்ப நல்லா இருக்கு கௌரி. தேங்க்ஸ்" என்றாள். "ஓடுதா?" என்று அடுத்த வாரம் கேட்டேன். "ஓடுது, ஓடுது" என்றாள். அதற்குப் பிறகும் பேசினோம். பேரனைப் பற்றிக் கேட்பாள், முட்டியைப் பற்றிக் கேட்பாள். நாளைக்கு வர்றியா என்று மட்டும் கேட்கவில்லை. அதை நான் கவனிக்கவில்லை என்று எழுதினால் பொய். கவனித்தேன். அப்பாடா என்றிருந்தது.

அவளை அடக்கம் செய்த அன்றுதான் அந்த ரயிலில் மறுபடி ஏறினேன். ஜன்னல் ஓரம் இடம் கிடைத்து உட்கார்வதற்குள் தாம்பரம் வந்துவிட்டது, புடவையைச் சரிசெய்வதற்குள் சானடோரியம். இத்தனை தூரத்துக்குத்தான் இரண்டு வருடம் காரணம் சொல்லிக்கொண்டிருந்தேன்.

ஒரு வாரம் கழித்து ரூபி அக்கா கூப்பிட்டனுப்பினார். அந்தக் கேம் பெட்டியையும் டிரைவ்களையும் ஒரு துணிப்பையில் போட்டு வைத்திருந்தார். "எனக்கு இதெல்லாம் தெரியாதும்மா. நீயே எடுத்துக்கோ" என்றார். மேலாக நான் அனுப்பிய டிரைவ் இருந்தது. கடைக்காரர்கள் ஒட்டிய பிளாஸ்டிக் உறைகூடக் கிழிபடவில்லை. உறைக்கு மேலேயே வெள்ளை டேப் ஒட்டி, அதே கையெழுத்தில் எழுதியிருந்தாள்.

'4 டிபி. கௌரி கொடுத்தது. இந்தப் பெட்டியில் ஓடாது. கௌரியிடம் சொல்ல வேண்டாம்.'

"எனக்காகத்தான் எழுதி ஒட்டினா. நான் எங்கேயாவது உளறிடுவேன்னு" என்றார் ரூபி அக்கா. அவருக்கு அதில் ஒன்றும் விசேஷமாகத் தெரியவில்லை. தங்கை பெரிய மனசு பண்ணி விட்டுக்கொடுத்துவிட்டாள் என்றே நினைத்திருக்கிறார். "முன்னெல்லாம் சனிக்கிழமை நாலு மணிக்கு டிவியைப் போட்டு வெச்சுட்டு, அந்தப் பொம்மையை உள்ள வெளியன்னு நடக்கவிட்டுக்கிட்டே இருப்பா. கௌரி வந்தாலும் வருவா, அது தூங்கிடக் கூடாதும்பா. இந்தப் பார்சல் வந்தப்புறம் அதையும் விட்டுட்டா. கண்ணு வலிக்குதோ என்னமோ."

எனக்குத் தலைமையாசிரியரின் பிரிவு உபசார விழா நினைவுக்கு வந்தது.

ஊரையே திருத்தியவள் என்னைத் திருத்தவில்லை. இரண்டுக்கு மேல் எண்ணத் தெரியாது என்று பத்து முறை சொன்ன பெட்டிக்கு நான் நான்கை அனுப்புகிறேன். 'லூசாடி நீ, எத்தனை வாட்டி சொன்னேன்' என்று அவள் கத்தியிருக்க வேண்டும். நானும் திருப்பிக் கத்தியிருப்பேன். சண்டை போடவாவது கிளம்பிப் போயிருப்பேன். அவளோ தேங்க்ஸ் சொன்னாள். என்னோடு இனி அடுத்த தடவை என்று ஒன்று இல்லை என அவள் முடிவுகட்டியபோது, நான் வெறும் இரண்டு ஸ்டேஷன் தள்ளி, வாங்கிக் கொடுத்த பெருமையில் உட்கார்ந்திருந்தேன். இடம் பற்றாமல் இருந்தது டிரைவில் இல்லை, என் சனிக்கிழமைகளில்தான் என்பதுகூடத் தெரியாத தற்குறியாகத் தமிழ் சொல்லிக்கொடுத்துக் காலம் தள்ளியிருக்கிறேன்.

பெட்டியை எங்கள் வீட்டு டிவியில் மாட்டியிருக்கிறேன். தூங்குகிற அந்தப் பழைய டிரைவில் எங்கள் கோட்டை அப்படியே இருக்கிறது. கடைசிக் கதவுக்கு முன்னால் இரண்டு பேரும் பக்கத்தில் பக்கத்தில் நிற்கிறோம். சனிக்கிழமை நாலு மணிக்குப் போடுகிறேன். என் பொம்மையைக் கல்லின் மேல் நிறுத்தினால் கதவு திறக்கிறது. உள்ளே போகத்தான் ஆள் இல்லை. போன வாரம் அதையே பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்ததில் டிரைவ் தூங்கிப் படம் உறைந்துவிட்டது. அணைத்து மறுபடி போட்டுவிட்டு, பின்னால் இருக்கும் அறை வாசலுக்குள் போய்ப் போய் வர ஆரம்பித்தேன். அவளிடமிருந்து எனக்கு மிச்சம் அந்த நடையும், மேஜை மேல் நான் உறை பிரிக்காமல் வைத்திருக்கும் அந்த நான்கு டிபியும்தான்.

ஒன்று மட்டும் சொல்லிவிடுகிறேன். அன்று காலை நான் அனுப்பிய பூங்கொத்தை நீங்கள் அத்தனை பேரும் பார்த்திருப்பீர்கள். யாரும் ஒரு வார்த்தை சொல்லவில்லை. ஸ்டெல்லா இருந்திருந்தால் உடனே போன் செய்து திருத்தியிருப்பாள் என்று மேலே எழுதியிருக்கிறேன். இப்போது எனக்கு அது அவ்வளவு நிச்சயமாகத் தெரியவில்லை.