அண்ணன் வேஷம்

எனக்கு அண்ணன் வேஷம் தந்ததற்காக என் மாமியின் கையைக் கடித்தேன். நிஜமாகவே பல் பதியக் கடித்தேன். மாமி, அப்பாவின் தங்கை; பாறசாலையில் டீச்சர். கல்யாணம் ஆகவில்லை. எங்கள் வீட்டிலும் பெரியப்பா வீட்டிலுமாக மாறிமாறி இருப்பாள். அந்த இரண்டு வீட்டுக்கும் போய்வந்த ஒரே ஆள் அவள்தான்.

எல்லைப் போராட்டம் நடந்த காலம். மலையாளச் சர்க்காரின் கீழிருந்த எங்கள் பக்கத்தைத் தமிழ்நாட்டோடு சேர்க்கவேண்டும் என்று அப்பா கூட்டத்துக்குக் கூட்டம் போய்க் கத்தினார். பெரியப்பா திருவனந்தபுரத்தில் சர்க்கார் உத்தியோகம் பார்த்தார், வாயே திறக்கமாட்டார். போலீஸ் தேடியபோது அப்பா வெள்ளறடை ரப்பர் தோட்டத்துக்குள் ஒளிந்தார். சில நாளில் பிடித்து, அடித்து, உள்ளே போட்டார்கள். திரும்பி வந்ததும், காட்டிக்கொடுத்தது அண்ணன்தான் என்று முடிவு கட்டிவிட்டார்.

அவரிடம் இருந்த சாட்சி ஒன்றே ஒன்று. அந்தச் சம்பவத்துக்குப் பிறகு பெரியப்பா சர்ச்சில் திருவிருந்து எடுக்கவில்லை. எங்கள் சபையில் மனசில் கறை உள்ளவன் அந்த அப்பத்தையும் திராட்சை ரசத்தையும் தொடமாட்டான். எல்லாரும் எழுந்து முன்னால் போகும்போது பெரியப்பா மட்டும் பெஞ்சில் தலைகுனிந்து உட்கார்ந்திருப்பார்.

"கண்டியா? யூதாஸுக்குக் கை நீளுமா?" என்பார் அப்பா, வீட்டுக்கு வந்து. நானும் அதையே ஊரெல்லாம் சொல்லித் திரிந்தேன்.

அந்த வருடம் சர்ச்சின் ஓய்வுநாள் பள்ளி விழாவுக்கு மாமி ஒரு நாடகம் எழுதினாள். ஒரு ராஜா; அவன் ஊரில் இரண்டு சகோதரர்கள், ராஜாவை எதிர்க்கும் தம்பி, அரண்மனையில் வேலை பார்க்கும் அண்ணன். நடிப்பவர்கள் எல்லாரும் பெண்பிள்ளைகள். விஷயம் அப்பா காதுக்கு வந்தது.

"எனக்க வீட்டுக் கதைய மேடையில ஏத்தினா, பின்ன நீ இந்த நடையச் சவிட்டி உள்ள வரப்பிடாது."

"ராஜா கதையாக்கும் அண்ணா. நம்ம வீட்டுல ஏது ராஜா?" என்றாள் மாமி. சிரித்துக்கொண்டுதான் சொன்னாள். ஆனால் அன்று எங்கள் வீட்டில் அவள் சாப்பிடவில்லை.

நான் தம்பி வேஷம் கேட்டேன். அவன்தானே கதாநாயகன்.

"நீ அண்ணனாக்கும்."

"காட்டிக்குடுத்தவனுக்க வேஷம் நான் கெட்டமாட்டேன்."

"காட்டிக்குடுத்தான்னு ஆருட்டீ சொன்னா?"

"அப்பா."

"உங்கப்பன் கண்டானா?"

அப்போதுதான் கடித்தேன். மாமி கையை உதறிப் பார்த்துவிட்டு, "கடிச்சாச்சா மக்கா? இனி வசனத்தச் சொல்லு" என்றாள். வேறு எந்தப் பிள்ளை அந்த வசனத்தைச் சொல்லியிருந்தாலும் அப்பா பாதியில் எழுந்து போயிருப்பார். அது அவளுக்குத் தெரியும், எனக்குத் தெரியாது.

விழாவன்று கரியால் மீசை வரைந்து, பெரியப்பாவின் வேட்டியையே எனக்குச் சுற்றிவிட்டாள். வியர்வையில் மீசை கரைந்தது. "எட்டீ, மீச வாயில போவுது!" என்று யாரோ கத்த, சபையே சிரித்தது. அப்பா சிரிக்கவில்லை.

ராஜாவின் சேவகர்கள் வந்தார்கள். வாளைத் தொட்டுச் சத்தியம் செய், தம்பி எங்கே என்று மிரட்டினார்கள். தம்பி ஒளிந்திருந்தது மலையில். நான் வாளைத் தொட்டு, "கடற்கரைப் பக்கம் போனான்" என்றேன். அவர்கள் கடலைப் பார்த்து ஓடினார்கள். அடுத்த காட்சியில் ராஜா என்னை விருந்துக்கு அழைத்தான். நான் எழவில்லை.

"பொய்ச் சத்தியம் செய்த கை இது. இதை விருந்தில் எப்படி நீட்டுவேன்?"

எழுந்து போகப் பாதி நிமிர்ந்திருந்த அப்பா அப்படியே உட்கார்ந்தார். பின்னால் நின்ற பெரியப்பாவைத் திரும்பிப் பார்த்தார். பெரியப்பாவோ மாமியை முறைத்துவிட்டு வெளியே போனார்.

வீட்டில் நான் மீசையைத் தேய்த்துக் கழுவிக்கொண்டிருந்தபோது அப்பா மாமியிடம் கேட்டார். "நீ கண்டியா?"

"போலீஸ் வந்தப்ப நான் அங்க அடுக்களையில நிண்ணேன். பெரியண்ணன் வேதபுஸ்தகத்துல கைய வச்சு, நீ நாகர்கோவிலுக்குப் போயாச்சுன்னு போலீஸ்ட்ட சொன்னாரு. வெளிய தெரிஞ்சா உத்தியோகம் போவும், ஆருட்டயும் சொல்லப்பிடாதுன்னு எனக்க கிட்ட சத்தியம் வாங்கினாரு. இண்ணு வரைக்கும் நான் சொல்லேல்ல. ராஜா கதைதான் எழுதினேன்."

அப்பா எழுந்து திண்ணைக்குப் போனார். அடி விழாமல் தப்பித்தோம் என்பது மட்டும்தான் எனக்குப் புரிந்தது.

எங்கள் ஊர் கேரளத்தோடேயே நின்றுவிட்டது. அப்பா அதற்காகச் சாகும்வரை திட்டினார். நான் பிற்பாடு நாடகம் எழுதப் போனேன். யாரையாவது கெட்டவனாக்க எனக்குக் கை பரபரக்கும், கோபக்காரி நான். உடனே அந்தப் பெரிய வேட்டி காலைத் தடுக்கிய ஞாபகம் வரும். அவன் பக்கத்து வசனத்தையும் வாய்விட்டுச் சொல்லிப் பார்ப்பேன். என்னிடம் உருப்படியாக இருக்கிற ஒரே நல்ல பழக்கம் அது. மாமி தந்தது. இரண்டு வீட்டுக் கதவும் அடைபடும் என்று தெரிந்தே தந்தாள்.

விழா முடிந்து வந்த திருவிருந்து ஞாயிற்றுக்கிழமை ஆண்கள் எழுந்து வரிசையாக முன்னால் போனார்கள். அப்பா போகவில்லை. காலியான பெஞ்சில் நகர்ந்து நகர்ந்து போய்ப் பெரியப்பாவுக்குப் பக்கத்தில் உட்கார்ந்து, அவரைப்போலவே தலையைக் குனிந்துகொண்டார். அப்பாவும் என்னவோ பெரிய தப்புப் பண்ணிவிட்டார் என்று நினைத்து, பெண்கள் பக்கத்தில் உட்கார்ந்திருந்த நான் அவமானம் தாங்காமல் அம்மாவின் முந்தானையில் முகத்தை மூடிக்கொண்டேன்.