இவண், மணமகள்

போன ஞாயிற்றுக்கிழமை அவிநாசி ரோட்டில் ஒரு கல்யாணம். மண்டப வாசலில் அப்போதுதான் கட்டிய ஃப்ளெக்ஸில் மாப்பிள்ளையும் பொண்ணும் யானை உயரத்துக்குச் சிரித்துக்கொண்டிருந்தார்கள். பக்கத்தில் போனேன், குப்பென்று மை வாசம். அவ்வளவுதான், பந்தியை மறந்து அங்கேயே நின்றுவிட்டேன். எனக்கு வயசு ஐம்பதைத் தாண்டியது மூக்குக்கு எங்கே தெரியும்? அது நேராகக் கருமத்தம்பட்டி அச்சகத்துக்குப் போய்விட்டது.

தொண்ணூறுகளில் அங்கே நான் அச்சுக் கோத்துக்கொண்டிருந்தேன். வேலை முடிந்ததும் மண்ணெண்ணெய் விட்டு எழுத்துகளைக் கழுவுவோம். வீட்டுக்குப் போனால் அம்மா தட்டைத் தள்ளி வைத்து, "மொதல்ல அந்தக் கையக் கழுவிப்போட்டு வா சாமி" என்பாள். அச்சுக் கோப்பது சம்பளத்துக்கு. ஊருக்குள் நான் கவிஞன். சிரிக்காதீர்கள். அப்போது வாழ்த்து மடல் இல்லாமல் ஒரு கல்யாணம் நடக்காது. கூட்டாளிகள் சேர்ந்து கவிதை அச்சடித்து, கண்ணாடிச் சட்டம் போட்டு, தாலி கட்டியதும் மைக்கில் படித்துக் கொடுப்பார்கள். கடைசியில் 'இவண்' என்று போட்டு வாழ்த்துகிறவர்கள் பெயர் வரிசையாக இருக்கும். அந்தக் கவிதைகளெல்லாம் என் கைவண்ணம்தான். உண்மையில் எல்லாம் ஒரே கவிதை. நிலவு, மலர், தேன் மூன்றும் அப்படியே இருக்கும், பெயரை மட்டும் மாற்றுவேன். ஒரு தடவை அதையும் மாற்ற மறந்து, ஒருத்தர் பொண்டாட்டியோடு இன்னொருத்தரை வாழ்த்திவிட்டேன். அவர்கள் அச்சகத்துக்கு வந்தபோது நான் பின்வாசல் வழியாக ஓடியது தனிக்கதை.

செல்வராசு என்னோடு ஒரே பெஞ்சில் படித்தவன். எட்டாவதோடு விசைத்தறி ஓட்டத் தறிக்குடோனுக்குப் போனான். அவன் அப்பா வாங்கிய அட்வான்ஸ், அப்பா செத்ததும் அவன் தலையில் விழுந்தது. அட்வான்ஸ் என்றால் வெறும் முன்பணம் என்று நினைத்துவிடாதீர்கள். தீர்க்கும் வரை வேறு குடோனுக்குப் போக முடியாது, ஒரு சாவுக்குப் போவதென்றாலும் கேட்டுக்கொண்டுதான் போக வேண்டும். அது தீரவும் தீராது. ஆனால் அடிமை என்ற வார்த்தையை மட்டும் யாரும் சொல்ல மாட்டார்கள். 'வாங்க, போங்க' என்று மரியாதையாகக் கூப்பிட்டே கட்டிப்போடுகிற ஊர் அல்லவா.

செல்வராசுக்குக் கல்யாணம் முடிவானதும் குடோன் முதலாளி மண்டபச் செலவை ஏற்றுக்கொண்டார். "சோடியா வந்துருங்க செல்வராசு, அம்மணிக்கும் தறி ஒதுக்கிப்போட்டேன்" என்றாராம். தாலி கட்டிய மறுநாள் பொண்ணும் அட்வான்ஸ் காகிதத்தில் கையெழுத்துப் போட வேண்டும். செல்வராசு தலையாட்டிவிட்டு வந்து என்னிடம் அழுதான். நானும் கூடவே அழுதேன். வேறு ஒன்றும் செய்யவில்லை.

கல்யாணத்துக்கு ஒரு வாரம் இருக்கும்போது அந்தப் பொண்ணு தங்கமணி காங்கேயத்திலிருந்து தனியாகப் பஸ் ஏறி அச்சகத்துக்கே வந்துவிட்டது.

"ஏனுங்கண்ணா, வாழ்த்து மடல் நீங்கதான் எழுதறீங்களாமா? அது வேண்டாமுங்க. இத அச்சடிங்க."

நோட்டிலிருந்து கிழித்த ஒரு தாள். இப்படி இருந்தது:

*தாலிக்கு ஒரு கழுத்துதான்,*
*தறிக்கு அதை நீட்டமாட்டேன்.*
*அவர் கையை வாங்கிவிட்டீர்கள்,*
*என் கை விலைக்கு வரவில்லை.*
*என் வயிற்றில் பிறக்கும் பிள்ளை*
*உங்கள் குடோனுக்குப் பாக்கியாகப் பிறக்காது.*

தாளைத் திருப்பிப் பார்த்தேன். "ஆரு அம்மணி எழுதுனது?" என்றேன்.

"நாந்தானுங்க."

நிலவையும் தேனையும் வைத்து ஊரை ஏமாற்றிக்கொண்டிருந்தவனுக்கு எப்படி இருந்திருக்கும்! "இத மண்டபத்துல படிச்சா என்ன ஆகும்னு தெரியுமா அம்மணி?"

"படிக்காட்டி என்ன ஆகும்னு தெரியுமுங்களே."

'இவண்' போடப் பெயர் வேண்டுமே. அச்சகத்தில் இருந்த கூட்டாளிகளிடம் கேட்டால், "என் பேரா? அய்யோ சாமி, ஆள உடு" என்று நழுவினார்கள். நான்? அச்சக ஓனர் திட்டுவார் என்று இழுத்தேன். தங்கமணி என்னை ஒரு பார்வை பார்த்துவிட்டு, "என் பேரையே போடுங்க" என்றது.

"கல்யாணப் பொண்ணே போடற வழக்கம் இல்லீங்களே."

"வழக்கத்தப் பாத்துப் பாத்துத்தானுங்க இங்க வந்து நிக்கறோம்."

நான் ஒரு கோழைத்தனம் செய்தேன். பயந்துகொண்டு, மேலே முதலாளியைக் 'கொடை வள்ளலே' என்று புகழ்ந்து நாலு வரி சேர்த்துவிட்டேன். அதுதான் வினையாகப் போனது. முதலாளிக்கு ஒரு பழக்கம், தன் புகழ் வருகிற மடல் என்றால் அவரே மைக்கைப் பிடித்துப் படிப்பார்.

கல்யாணத்தன்றும் மூக்குக்கண்ணாடியை மாட்டிக்கொண்டு எழுந்தார். கொடை வள்ளலை இரண்டு தரம் படித்தார். அந்த வேகத்திலேயே "தாலிக்கு ஒரு கழுத்துதான், தறிக்கு அதை நீட்டமாட்டேன்" என்றும் கணீரென்று படித்துவிட்டார். "அவர் கையை" என்று வந்தபோதுதான் நாக்கு நின்றது. வேப்பமரத்தில் கட்டியிருந்த குழாய் ஸ்பீக்கரில் அவர் மூச்சு விடுவது நாலு தெருவுக்குக் கேட்டது.

மணவறையிலிருந்து தங்கமணி மாலையோடு எழுந்தது. "மீதிய நாஞ் சொல்றனுங்க."

மைக் இல்லாமலே சொன்னது. ஒரு வரியும் விடவில்லை. கடைசியில், "இவண், மணமகள் தங்கமணி."

முன்வரிசை கல்லாக உட்கார்ந்திருந்தது. பந்திக்குச் சாம்பார் கொண்டுபோன தறிக்காரர்கள்தான் வாளியைக் கீழே வைத்துவிட்டுக் கைதட்டினார்கள். முதலாளி கண்ணாடியைக் கழற்றி மடித்தார். "நல்லா எழுதிருக்கீங்க அம்மணி" என்றார். எங்கள் ஊரில் கோபம்கூட 'ங்க' போட்டுத்தான் வரும். சாப்பிடாமல் போய்விட்டார்.

மறுநாள் அந்த அட்வான்ஸ் காகிதம் வரவில்லை. ஊரே அவர் வாயாலேயே கேட்டபிறகு எந்த முகத்தோடு நீட்டுவார்? செல்வராசு இன்னும் பல வருசம் கிடந்து உழைத்துத்தான் வெளியே வந்தான். தங்கமணி குடோன் வாசப்படி மிதிக்கவே இல்லை. எனக்கு வேலை போனது. போகட்டுமே, நான் கோத்ததில் உருப்படியான அச்சு அது ஒன்றுதான்.

போன ஞாயிறு கல்யாணம் யாருக்கென்று சொல்லவில்லையே, அவர்கள் மகளுக்குத்தான். பொண்ணு நர்ஸ். மண்டபத்தில் பெரிய திரை, டிரோன் எல்லாம் இருந்தது, மடல் இல்லை. "ஒரு கவிதை எழுதிருக்கலாமே அம்மணி" என்றேன். "அவ கையத் தறிக்குக் கேக்க ஆருக்குங்கண்ணா தைரியம் இருக்குது?" என்று தங்கமணி சிரித்தது.

வரும் வழியில் பழைய அச்சகத்தைப் பார்த்தேன். இப்போது அது செல்போன் கடை. எதிரே டீக்கடையில் ஒரு வடநாட்டுப் பையன் தலையெல்லாம் தறிப் பஞ்சோடு நின்றிருந்தான். ஊருக்குப் போகலையா தம்பி என்று கேட்டேன். அவனுக்குத் தமிழ் பேச வராது. ஒரே ஒரு வார்த்தைதான் சொன்னான்.

"அட்வான்ஸ்."

இப்போது என் பெயரைப் போடுவேன், எந்த முதலாளி முன்னாலும் போடுவேன். போடுவதற்கு ஒரு மடல்தான் இல்லை.