போர்த்துக்கல் லீக்கும் என் முழிவியளமும்

போர்த்துக்கல்லின் முதற்பிரிவுக் கால்பந்து லீக்கில், ஒரு சின்ன ஊரின் கழகம் இரண்டாம் பிரிவுக்குள் விழாமல் இருக்கப் பட்ட பாட்டை நான் ஒரு பருவம் கிட்டநின்று பார்த்திருக்கிறேன். பந்து உருண்டை என்பதற்கு மேல் அந்த விளையாட்டில் எனக்கு ஒன்றும் தெரியாது. ஆனாலும் உப்பிட்டவரை உள்ளளவும் நினை என்பார்கள். எனக்கு உப்பிட்டவர்களில் அந்தக் கழகமும் ஒன்று.

என் கணவர் காலமான பிறகு நான் கனடாவில், மில்லிக்கனில் தங்கச்சி குடும்பத்தோடு இருக்கிறேன். வேலை ரொறன்ரோவின் மேற்குப் பக்கம், ஒரு போர்த்துக்கீசப் பேக்கரியில். அந்த வேலை கிடைத்த அன்று தங்கச்சி முகத்தைச் சுளித்தாள்.

“யாழ்ப்பாணத்தில எங்கட கோயிலுகளை இடிச்ச ஆக்களிட்டையே அக்கா வேலைக்குப் போறாய்?”

“பாணைத் தந்ததும் அவைதானேடி” என்றேன். ரொட்டிக்கு நாங்கள் சொல்லும் பாண் அவர்களிடமிருந்து வந்ததுதான்.

முதல் நாள் முதலாளியம்மா பின்பக்கம் கையைக் காட்டி “கொசீன்யா” என்றார். எங்கள் ஊரிலும் சமையலறைக்குக் குசினி என்றுதான் பெயர்; நான் நேரே குசினிக்குள் போய் நின்றேன். பாண், மேசை, சப்பாத்து என்று எங்கள் வீட்டில் புழங்கும் பாதிச் சாமானின் பெயருக்கு அங்கே சொந்தக்காரர் இருந்தார்கள். மற்றப்படி நாங்கள் பேசிக்கொண்டது இரண்டு பக்கமும் உடைந்த இங்கிலீசு. என் காதில் அது எங்கள் பேச்சாகத்தான் விழுந்தது, அப்படியே எழுதுகிறேன்.

ஞாயிறு காலைகளில் முதலாளியம்மாவின் ஊர்க்காரர் தங்கள் ஊர்க் கழகத்தின் ஆட்டத்தைக் கடை ரீவியில் பார்க்கக் கூடுவார்கள். அங்கே பின்னேரம் நடக்கும் ஆட்டம் எங்களுக்குக் காலையில் வரும். எல்லோரும் கட்டட வேலை செய்து ஓய்ந்தவர்கள். அவர்களில் பெருங்குரல்காரர் ஒரு மேசன். நான் ஐம்பதைத் தாண்டியவள். அவர் என்னை “மெனினா” என்பார், பிள்ளை என்று அர்த்தம். தங்கள் கழகத்தின் முன்வரிசை ஆட்டக்காரன் கோலுக்கு நேரே நின்றும் பந்தை வானத்துக்கு அடிக்கும்போது அவர் சொல்வார்: “நாயில்லாதவன் பூனையோட வேட்டைக்குப் போவான்.” நான் குசினிக்குள் இருந்தே, “ஆலையில்லாத ஊருக்கு இலுப்பைப்பூ சர்க்கரை” என்பேன். அர்த்தம் கேட்டு, விழுந்து விழுந்து சிரிப்பார்.

குசினிக்குள் இருந்தே சொன்னதற்குக் காரணம் இருந்தது. ஒரு காரியத்துக்குப் புறப்படும்போது எதிர்ப்படும் முகத்தை நாங்கள் முழிவியளம் என்போம். கணவனை இழந்தவளின் முகம் அதற்கு ஆகாது. இதை என்னிடம் யாரும் நேரே சொன்னதில்லை. சொல்லும்வரை நான் வைத்ததுமில்லை. வீட்டில் ஆராத்தி எடுக்கும் நேரம் பலகாரத் தட்டு அடுக்கப் போய்விடுவேன். யாராவது நேர்முகப் பரீட்சைக்குப் புறப்பட்டால் எனக்குக் குளியலறையில் வேலை வந்துவிடும். அதே பழக்கத்தில் ஆட்டம் தொடங்கும்வரை அந்த மனிதர்களுக்கும் முகம் காட்டாமல் நின்றேன். எனக்கு அவர்களின் சத்தம் பிடிக்கவில்லை என்று முதலாளியம்மா நினைத்துக்கொண்டார்.

பனி கரைந்த காலத்தில் அவர்களின் கழகம் அட்டவணையின் அடியில் கிடந்தது. அந்த ஞாயிறு முதலாளியம்மாவின் இரண்டு கையும் மாவுக்குள். றிமோட் குசினி மேசையில்.

“நீ போய் ரீவியைப் போடு, ஆட்டம் துவங்கப் போகுது!”

போட்டுவிட்டு ஓடிவந்துவிடலாம் என்றுதான் போனேன். போட்டேன். அன்று அந்தச் சின்னக் கழகம் லிஸ்பனின் பெரிய கழகம் ஒன்றைத் தோற்கடித்தது. மேசன் குசினிக்குள்ளேயே வந்து என் கையைத் தூக்கி எல்லோருக்கும் காட்டினார். “இந்தக் கை! இனி இந்தக் கைதான்!”

அன்றிலிருந்து நான் வந்து போடும்வரை ரீவியை யாரும் தொடவில்லை. அடுத்த ஆட்டம் சமநிலை. அதையும் என் கணக்கில் வரவு வைத்தார்கள். அதற்கடுத்தது வெற்றி. பேருந்து பிந்தி நான் ஓடிவந்த ஒரு காலை, கறுத்த திரையைப் பார்த்தபடி அத்தனை பேரும் பூசைக்குக் காத்திருப்பதுபோல இருந்தார்கள். “ஐயர் வந்திட்டார்” என்று மனதுக்குள் சிரித்துக்கொண்டேன். உலகத்தில் ஒரு இடத்தில் ஒரு காரியம் தொடங்க என் முகத்தைத் தேடினார்கள். அந்த மாதங்களில் சப்வேயில் உட்கார்ந்து வரும்போது எனக்கே என்னைப் பிடித்திருந்தது.

பருவத்தின் கடைசி ஞாயிறு வந்தது. வென்றால் முதற்பிரிவில் இருக்கலாம், தோற்றால் கீழே. தோற்றால் அங்கேயும் நான் பழைய ஆள்தான். சனிக்கிழமையே முதலாளியம்மாவுக்கு அழைத்து, “நாளைக்கு எனக்கு ஏலாது, லீவு தாங்கோ” என்றேன்.

“காய்ச்சலோ?”

இல்லை என்றேன். பிறகு, ஏனோ தெரியாது, முழிவியளத்தை முழுதாகச் சொன்னேன். கணவன் இல்லாதவள் நல்ல காரியத்துக்கு முன்னால் நிற்கக்கூடாது, தோற்றால் பழி எனக்குத்தான் என்று.

“என்ர மனிசனும் செத்துத்தானே போனான்” என்றார் முதலாளியம்மா. “கறுப்புச் சட்டையோட காலமை காலமை கடையைத் திறக்கிறது ஆர்? நான். பாண் பொங்காமல் விட்டதே? விசர்க்கதை கதையாதை. நேரத்துக்கு வா.”

அவர் எப்போதும் கறுப்பு உடுப்பது எனக்குத் தெரியும். அதை அதுவரை நான் ஒரு நிறமாகத்தான் பார்த்திருந்தேன்.

போனேன். ரீவியைப் போட்டேன். தோற்றார்கள்.

கடைசி நிமிடங்களில் ஒரு பெனல்ரி, அவ்வளவுதான். விசில் ஊதியதும் மேசன் தொப்பியால் முகத்தை மூடிக்கொண்டார். நான் ஏப்ரனைக் கழற்றத் தொடங்கினேன். எனக்கு வரப்போகும் சொல்லை நானே முந்திச் சொல்லிவிடுவோம் என்று, “நான் போட்டதாலைதான்” என்றேன்.

மேசன் தொப்பியை எடுத்தார். “எது?”

“ரீவியை.”

“பெனல்ரி குடுத்த அந்தக் குருட்டு நடுவர் உனக்குச் சொந்தமோ?”

“இல்லை.”

“பந்து இடப்பக்கம் போக வலப்பக்கம் பாய்ஞ்சானே ஒரு மரமண்டைக் கோலி, அவனை நீயோ பெத்தனி?”

மற்றவர்களுக்கும் நாக்கு வந்தது. பயிற்சியாளர், கழகத் தலைவர், மைதானத்துப் புல், மழை, லிஸ்பன்காரர் எல்லோருக்கும் ஏச்சு விழுந்தது. அவ்வளவு நீளமான ஏச்சில் என் பெயர் ஒரு இடத்திலும் வரவில்லை. நான் ஏப்ரன் கயிற்றைக் கையில் பிடித்தபடி கேட்டுக்கொண்டே நின்றேன். அது ஏச்சு என்றாலும் என் காதுக்குத் தேவாரம்.

முதலாளியம்மா கஸ்டர்ட் டார்ட் தட்டைக் கொண்டுவந்து மேசையில் வைத்தார். மேசன் ஒன்றை முழுதாக வாய்க்குள் போட்டுக்கொண்டு என்னைப் பார்த்தார். “ஆவணியில ரெண்டாம் பிரிவு துவங்கும், மெனினா. நேரத்துக்கு வந்து போடு. பிந்தி வராதை.”

வீடு வரும்வரை பேருந்தில் அழுதேன். பக்கத்தில் இருந்த பெண் ரிஷ்யூ தந்தாள். என்ன துக்கம் என்று கேட்டிருந்தால், போர்த்துக்கல்லில் ஒரு கழகம் இரண்டாம் பிரிவுக்கு இறங்கிவிட்டது என்றுதான் சொல்லியிருப்பேன்.

அந்தக் கோடையில் தங்கச்சியின் மகள் கார் ஓட்டும் பரீட்சைக்குப் புறப்பட்டாள். வழக்கம்போலக் குளியலறைக்குத் திரும்பிய கால் பாதியில் நின்றது. வாசலுக்குப் போய், அவள் செருப்பு மாட்டும்வரை நேரே எதிரில் நின்றேன். தங்கச்சி பார்த்தாள். “போட்டு வா ராசாத்தி” என்றேன்.

மத்தியானம் திரும்பிவந்தவள் சாவியைச் சோபாவில் எறிந்தாள். “ஃபெயில்!”

நான் சோபாவில் கிடந்த சாவியை எடுத்தேன். “நான் முன்னுக்கு நிண்டது...”

“வாட்? பெரியம்மா, நான் பார்க் பண்ணேக்க றோட்டுக்கரைக் கேர்புக்கு மேல ஏத்திப்போட்டன். நீங்கள் வாசல்ல நிண்டா என்ர ஸ்ரியரிங் எப்பிடித் திரும்பும்? பசிக்குது, சோறு இருக்கோ?”

சோறு போட்டேன். அவள் அடுத்த மாதம் மறுபடி போனபோதும் வாசலில் நான்தான் நின்றேன்.