சாய்மானம் இல்லாத ஸ்டூல்

போன வாரம் கடைக்கு ஒரு சீன எஞ்சினியர் வந்தான். ரோடு போடுகிற கம்பனியில் வேலையாம். என்னிடம் ஒரு வார்த்தை பேசவில்லை. தன் போனிடம் எதையோ சொல்லிவிட்டு அதை என் முகத்துக்கு நேரே நீட்டினான். உள்ளேயிருந்து ஒரு பெண் குரல் கேட்டது: "ஐயா, தங்களிடம் நாற்காலிகள் வாடகைக்குக் கிடைக்குமா?"

கையிலிருந்த கணக்குக் கொப்பியைக் கீழே வைத்துவிட்டேன். பெண் குரலுக்காக இல்லை, அந்த வயதெல்லாம் போய்விட்டது. அந்தத் தமிழுக்காக. கண்டியில் எவன் 'தங்களிடம்' என்று பேசுகிறான்? நாற்காலியை இங்கே கதிரை என்றுதான் சொல்வோம். அப்படிப்பட்ட தமிழை இதற்கு முன் ஒரே ஒரு மனிதனின் வாயிலிருந்துதான் கேட்டிருக்கிறேன். அவனும் சீனாக்காரன்தான்.

"தாத்தா, அவர்கிட்ட இல்ல, போன்கிட்ட சொல்லுங்க" என்றான் பேரன். சொன்னேன். கதிரை எத்தனை வேண்டுமானாலும் கிடைக்கும் என்று. அதில் எனக்கு எப்போதுமே கொஞ்சம் பெருமைதான்.

என்னைப் பற்றிச் சொல்லிவிடுகிறேன். சொல்லாவிட்டால் எனக்குத் தூக்கம் வராது. மஹய்யாவ லயத்தில், தொழிலாளர் வரிசை வீட்டில் பிறந்தவன். மூன்றாம் வகுப்போடு பள்ளிக்கூடம் என்னை விட்டதா, நான் அதை விட்டேனா தெரியாது. மூடிப்போன ஒரு தியேட்டரின் உடைந்த கதிரைகளைத் தூக்கிவந்து, ஆணியடித்து வார்னிஷ் பூசி, வாடகைக்கு விடத் தொடங்கினேன். பிறகு பீங்கான், பந்தல், லவுட்ஸ்பீக்கர். ஒரு காலத்தில் என் கதிரையில் உட்காராத பெரிய மனிதன் கண்டியில் கிடையாது. கலியாணத்துக்கும் சாவுக்கும் கட்சிக் கூட்டத்துக்கும் ஒரே கதிரைதான்; துடைக்கிற துணிதான் வேறு.

இன்றைக்கு எல்லாம் பிளாஸ்டிக். வார்னிஷ் வாசனையே கடையில் இல்லை. ஆனால் அந்த எஞ்சினியர் போன பிறகு நான் பின்பக்க ஸ்டோருக்குப் போய், பழைய மரச் சாமான்களுக்கு நடுவே கொஞ்ச நேரம் நின்றேன். அங்கே இன்னும் அந்த வாசனை இருக்கிறது. அது என்னை நேரே கூப்பன் காலத்துக்குக் கொண்டுபோய் விட்டது.

கூப்பன் காட்டி அரிசி வாங்கிய, பாண் ரொட்டிக்கு விடியுமுன் வரிசையில் நின்ற காலம். உளுந்தையும் பருப்பையும் கனவில்தான் பார்க்கலாம். நம் ரப்பர் சீனாவுக்குப் போனது, அவர்களுடைய அரிசி இங்கே வந்தது. வெளிநாட்டு விவகாரத்தில் எனக்குத் தெரிந்தது அவ்வளவுதான். மிச்சத்தைக் கதிரைதான் சொல்லிக்கொடுத்தது.

சீனாவிலிருந்து ஒரு பெரிய தூதுக்குழு கண்டிக்கு வருகிறது, வாவிக்கரைப் பக்கத்து மண்டபத்தில் வரவேற்பு, மறுநாள் பன்விலவில் தேயிலை பெக்டரி பார்க்கிறார்கள் என்று சொன்னார்கள். கதிரை என் பொறுப்பு. வாடகை வேண்டாம் என்றேன். தாராளம் என்று நினைக்காதீர்கள். மேடையில் ஏறி இரண்டு வார்த்தை பேச விடுவார்கள் என்ற கணக்கு.

குழு வருவதற்கு முன்பே அவர்களில் இரண்டு பேர் என் ஸ்டோருக்கு வந்துவிட்டார்கள். ஒருவர் தடித்த கண்ணாடி போட்டவர், சிரிக்காதவர். மற்றவன் இளைஞன், பெயர் லின். தோட்டத்து ஆட்களோடு பேசுவதற்காகத் தமிழ் படிக்கவைத்துக் கூட்டிவந்திருந்தார்கள். "வணக்கம் ஐயா. தங்கள் நாற்காலிகளைப் பார்வையிட வந்திருக்கிறோம்" என்றான். ரேடியோப் பெட்டிக்குக் கால் முளைத்து வந்தது போலிருந்தது.

"இங்க கதிரைன்னு சொல்லணும் தம்பி."

"கதிரை" என்று மெதுவாகச் சொல்லிப் பார்த்துக்கொண்டான்.

சீனத் தலைவரும் நம் பக்கத்துத் தலைவரும் உட்காரப்போகும் பெரிய கதிரைகளைப் பக்கத்தில் பக்கத்தில் போட்டு அளந்தார்கள். ஒன்று அரை விரல்கடை உயரம்.

"அரை விரல்கடைதானே? உக்காந்தா யாருக்குத் தெரியப்போவுது?"

"புகைப்படத்தில் தெரியும், ஐயா. எங்கள் வேலையில் சிறிய விஷயம் என்று எதுவும் இல்லை."

அந்தக் கதிரையின் காலைச் சீவிக் கொடுத்தேன். அடுத்து, அந்த இரண்டு கதிரைக்கும் நடுவில், ஒரு முழம் பின்னால் தள்ளி, சாய்மானம் இல்லாத ஒரு ஸ்டூல் கேட்டான். யாருக்கு என்றால், தனக்காம்; அங்கிருந்துதான் மொழிபெயர்ப்பானாம்.

"விருந்துக்குமா? முன்னால மேசை இல்லையே, சாப்பாட்ட எங்க வப்பீங்க?"

"நான் சாப்பிட மாட்டேன். என் வாயில் உணவு இருந்தால் தலைவர் காத்திருக்க நேரும்."

இரண்டு பெரியவர்கள் சாப்பிட்டுச் சிரித்துப் பேச, நடுவில் ஒருத்தன் பசியோடு முதுகு நிமிர்த்தி உட்கார வேண்டும். ராஜதந்திரம் என்று பேப்பரில் போடுகிறார்களே, அது எனக்கு அந்த ஸ்டூல்தான்.

சிறிது நேரத்தில் கண்ணாடிக்காரருக்கு நம் ஊர்த் தண்ணீர் வேலையைக் காட்டிவிட்டது. வயிற்றைப் பிடித்துக்கொண்டு ஜீப்பில் ஏறி விடுதிக்குப் போய்விட்டார். ஜீப் திரும்பி வரும்வரை லின் என்னோடு தனியாக நின்றான்.

"வீடு இந்தா இருக்கு. வாங்க, ரெண்டு தோச சாப்புட்டு வந்துடலாம்."

"மன்னிக்க வேண்டும். நான் தனியாகப் போகக்கூடாது. எப்போதும் இருவராகவே போக வேண்டும்."

"நான் என்ன மாடா? நானும் நீங்களும் ரெண்டு பேராச்சே!"

சிரித்துவிட்டான். ஆனாலும் வேண்டாம் என்றான். நம் பக்கத்தில் விருந்தாளி வேண்டாம் வேண்டாம் என்பதுதானே மரியாதை, நாம் கையைப் பிடித்து இழுப்பதுதானே உபசாரம்? நான் இழுத்தேன்.

என் மனைவி செல்லம், எதற்கோ ஒளித்துவைத்திருந்த உளுந்தை அன்றைக்கு முதல்நாள்தான் அரைத்திருந்தாள். அரிசி கூப்பன் அரிசி, அதாவது அவன் ஊர் அரிசி. காரமான தேங்காய்ச் சம்பலைத் தொட்டு வாயில் வைத்தவனுக்குக் கண்ணில் தண்ணீர். "எரிகிறது, ஆனாலும் வேண்டும்" என்றான். அவனுடைய அப்பா தச்சராம். கிராமத்திலிருந்து வெளிவிவகார இலாகாவுக்குப் போன முதல் ஆள் அவன்தானாம். இதுதான் முதல் பயணம். ஊருக்குத் திரும்பினால் அம்மாவுக்கு யானையைப் பற்றிச் சொல்ல வேண்டும் என்றான். என்னைப் போலவே ஒன்றுமில்லாத இடத்திலிருந்து வந்தவன் என்று எனக்கு அவன்மேல் தனிப் பிரியம் வந்துவிட்டது.

செல்லம் என்னை அடுப்படிக்குக் கூப்பிட்டாள். "அந்தப் புள்ள வாசலப் பாத்துப் பாத்துத் திங்குது. எதுக்குங்க பயப்படுது?"

"வெக்கம் புள்ள, வெக்கம்" என்றேன்.

ஜீப் வருவதற்குள் ஓட்டமும் நடையுமாக ஸ்டோருக்குப் போய்ச் சேர்ந்துவிட்டோம்.

வரவேற்பு அன்று மண்டபம் நிறைந்த சனம். நாம் கைதட்டினால் அவர்களும் எழுந்து நமக்குத் திருப்பிக் கைதட்டுவார்கள், பார்க்கவே அழகு. கடைசியில், வரவேற்பை நடத்திய சங்கத்துச் செயலாளர் என் காதில், "முதலாளி, ரெண்டே ரெண்டு வார்த்தை" என்றார். நான் எப்போது இரண்டோடு நின்றேன்?

எங்கள் தொழிலில் ஒரு பழக்கம் உண்டு. வேலை செய்கிறவனைப் பற்றி அவனுடைய பெரியவரிடம், நாலு பேர் முன்னால் நல்லதாகச் சொல்லிவைத்தால் அவன் சீக்கிரம் மேலே வருவான். அதைத்தான் செய்தேன். லின்னைக் கைகாட்டி, "இந்தத் தம்பி நேத்து தனியா என் வீட்டுக்கு வந்து, தரையில உக்காந்து, கையால தோச சாப்பிட்டாரு. உங்க அரிசி, எங்க உளுந்து! இப்பிடிப்பட்ட புள்ளைய வச்சிருக்கிற நாடு எங்களுக்கு அண்ணன் தம்பி மாதிரி!" என்றேன்.

மண்டபம் அதிர்ந்தது. லின் ஸ்டூலில் அசையாமல் இருந்தான். அவன் அதை விழுங்கிவிட்டு, இவர் உங்களை வாழ்த்துகிறார் என்று மட்டும் சீனத்தில் சொல்லியிருக்கலாம். ஆனால் இரண்டாம் வரிசையில் கண்ணாடிக்காரர் இருந்தார். அவருக்கும் தமிழ் புரியும் என்று லின்னே எனக்குச் சொல்லியிருந்தான். மெல்லப் பேச ஆரம்பித்தான். எனக்குத் தெரியாத அந்த மொழியின் நடுவில், தெளிவாக, 'தோசை' என்ற சொல் வந்தது. அதற்கு அவர்களிடம் சொல் இல்லை போலிருக்கிறது. ஒன்றையும் மறைக்காமல் சொல்கிறான் என்று எனக்கு அதில்தான் தெரிந்தது. தன்மேல் உள்ள குற்றத்தைத் தானே வாசிக்கிறான் என்று தெரியவில்லை. நான் மீசையை முறுக்கிக்கொண்டு நின்றேன். தலைவர் சிரித்தார், கைதட்டினார். கண்ணாடிக்காரர் மட்டும் தேநீர்க் கோப்பையின் மூடியை எடுத்து மெதுவாக மூடினார்.

அவனுக்கு நல்லது செய்யத்தான் பேசினேன் என்று இத்தனை வருடமாகச் சொல்லிவருகிறேன். சீனாக்காரன் என் வீட்டில் சாப்பிட்டான் என்று கண்டி முழுக்கத் தெரிய வேண்டும் என்ற ஆசையும் இருந்தது. இரண்டில் எது பெரிது என்று தெரியாது என்பேன். அப்படிச் சொல்வதும் பொய்தான்.

மறுநாள் பன்விலவுக்கு லொறியில் கதிரைகளோடு அந்த ஸ்டூலையும் ஏற்றிக்கொண்டு போனேன். அதில் வந்து உட்கார்ந்தது கண்ணாடிக்காரர். கொழுந்து பறிக்கிற பெண்களிடம் திக்கித் திக்கித் தமிழ் பேசினார். லின் கடைசி ஜீப்புக்குள் இருந்தான், பக்கத்தில் இன்னொருவர். நான் சன்னலருகே போனேன்.

"என்ன தம்பி, ஒடம்புக்கு முடியலையா?"

அவன் என்னைப் பார்க்கவில்லை. முன்னால் பார்த்துக்கொண்டே, "ஐயா, கதிரைகள் நன்றாக இருந்தன" என்றான்.

வீட்டுக்கு வந்து சொன்னதும் செல்லத்துக்கு எல்லாம் விளங்கிவிட்டது. "தனியா வரக்கூடாதுன்னு அது ஒங்ககிட்ட சொல்லிச்சா இல்லையா? ஒங்க வாய்க்கு ஒரு நாள் லீவு குடுத்தா என்ன?" அதன் பிறகு பல நாள் அவள் தோசைக்கல்லை எடுக்கவில்லை. உளுந்து இல்லை என்றாள்.

எனக்கு என்ன ஆயிற்று தெரியுமா? பேச்சு பிடித்துப்போய், வருடா வருடம் கொழும்புச் சீனத் தூதரகத்திலிருந்து கலண்டர் வந்தது. விருந்துக்கு அழைப்பு வந்தது. பூப்போட்ட பிளாஸ்க் ஒன்று கொடுத்தார்கள். பெரியவர்களோடு நான் நிற்கும் படங்கள் கடைச் சுவரில் இன்றும் இருக்கின்றன. போகும்போதெல்லாம் லின்னைப் பற்றி விசாரித்தேன். ஒவ்வொரு தடவையும் வேறு முகம், அதே சிரிப்பு, அதே பதில்: "அவர் வேறு பணிக்கு மாறிவிட்டார்." நல்ல பணியாகவும் இருக்கலாம். அப்படி நினைத்துக்கொள்ள நான் நன்றாகப் பழகிவிட்டேன். ஆனால் தமிழ் தேவைப்பட்ட ஒரு இடத்திலும் அவன் முகம் வரவில்லை. அந்த அம்மா யானைக் கதையைக் கேட்டாளா என்றும் தெரியவில்லை.

சரி, எஞ்சினியரிடம் வருவோம். முந்தாநாள் கதிரை எடுக்க லொறியோடு வந்தான், தனியாக. என் வாய் இன்னும் அடங்கவில்லை; வீட்டுக்கு வாங்க, தோசை சாப்பிடலாம் என்று போனிடம் சொன்னேன். சொன்ன பிறகுதான் லின் ஞாபகம் வந்தது. அவன் வேண்டாம் என்று ஒரு தடவைகூடச் சொல்லவில்லை. உடனே வந்தான். செல்லம் போய்ச் சேர்ந்து வருடங்களாகிவிட்டன. மருமகள் சுட்டுக் கொடுத்தாள். தட்டைப் படமெடுத்து யாருக்கோ அனுப்பினான். "என் மேலதிகாரிக்கு" என்றது போன். இரண்டு வாய் சாப்பிடுவதற்குள் மேலதிகாரியிடமிருந்து பதில் வந்துவிட்டது. தூக்கிய கட்டைவிரல் ஒன்று. அதை எனக்கும் காட்டினான்.

நான் எழுந்து போய் முகம் கழுவிக்கொண்டு வந்தேன்.

"பெரியவங்க உக்காருற எடத்துல, நடுவுல ஒரு ஸ்டூல் போடணுமா?" என்று கேட்டேன்.

"எதற்கு?" என்றது போன்.

லொறி கதிரைகளோடு போய்விட்டது. ஸ்டூல் ஸ்டோரிலேயே கிடக்கிறது. இனி அதைக் கேட்டு யாரும் வரப்போவதில்லை. அந்தப் போனிடம் எதை வேண்டுமானாலும் சொல்லலாம். ஒன்றுவிடாமல் சொல்லிவிடும், அதற்கு ஒன்றும் ஆகாது.