மூன்று கை சுண்ணாம்பு

கரும்புக் கொல்லைக்குள் ஒருமுறையாவது நுழைந்து வந்தவர்களுக்குத்தான் தெரியும், சோகை இலையின் ஓரம் கன்னத்தில் இழுத்த கோட்டில் வியர்வை இறங்கும்போது எப்படிக் காந்தும் என்பது. அறுபதுகளின் தொடக்கத்தில், புவனகிரிக்குப் பக்கத்தில் இருந்த எங்கள் கொல்லையில், ஒன்பது வயதுப் பெண்ணான நான் அந்தக் காந்தலோடுதான் வருஷம் முழுவதும் திரிந்தேன். மாசியில் கரணை நட்டு, மண் அணைத்து, ஆளுயரம் வந்ததும் காய்ந்த சோகையை உரித்து, காற்றில் சாய்ந்துவிடாமல் நாலைந்து கரும்பாகச் சேர்த்துக் கட்டி, மார்கழி வெட்டு வரைக்கும் அப்பா அந்தக் கொல்லையைப் பிள்ளைத்தாய்ச்சியைப் பார்ப்பதுபோலப் பார்த்துக்கொண்டார்.

வெட்டு தொடங்கியதும் வெல்லம் காய்ச்ச பண்ருட்டிப் பக்கத்திலிருந்து சாமிக்கண்ணு மாமா தன் மனைவியோடு வந்து இறங்குவார். அம்மாவுக்குத் தூரத்துச் சொந்தம். எங்கள் ஊரில் சாறு காய்ச்சும் முதல் கொப்பரை எங்களுடையது. அது நன்றாக உறைந்தால் மற்ற வீட்டுக்காரர்களும் அவரையே கூப்பிடுவார்கள், அந்தத் தம்பதிக்கு மூன்று மாதம் அடுப்பெரியும். கொதிக்கும் சாற்றில் அவர் சுண்ணாம்பைக் கை நிறைய அள்ளிப் போடுவதும், அழுக்கெல்லாம் நுரையாகத் திரண்டு மேலே வருவதும் பார்க்கப் பார்க்க அலுக்காது. பிள்ளைகள் நாங்கள் சர்க்கரைவள்ளிக் கிழங்கைத் துணியில் முடிந்து பாகில் தொங்கவிட்டு எடுத்துத் தின்போம். அதற்கு அவர் ஒன்றும் சொல்லமாட்டார்.

"கெழங்கு போடு, தேங்கா போடு, பாப்பா. புளிப்பு மட்டும் கிட்டக்க வரக் கூடாது. வந்தா பாகு உறையாது" என்பார்.

கூடாது என்றால் வேண்டும் என்று தோன்றுகிற வயது. அந்த வருஷம் முதல் கொப்பரை கொதித்தபோது, மாமா அடுப்பில் சக்கை தள்ளுகிறவரிடம் பேசத் திரும்பிய நேரம் பார்த்து, பாவாடை மடி நிறையப் பறித்து வைத்திருந்த பச்சைப் புளியங்காயைத் துணியில் முடிந்து உள்ளே இறக்கிவிட்டேன். வெளியே இழுத்தபோது சதையெல்லாம் கரைந்துபோய் ஓடும் கொட்டையும்தான் பெரும்பாலும் மிச்சம். கரையாமல் இருந்த மூன்று காயை ஊதி ஊதித் தின்றேன். அமிர்தமாக இருந்தது என்பதையும் மறைக்காமல் சொல்லிவிடுகிறேன். மீதியைத் துணியோடு அடுப்புக்குள் எறிந்தேன்.

பாகு பதத்துக்கு வரவில்லை. மாமா தண்ணீரில் விட்டு விரலால் உருட்டிப் பார்த்தார். உருளாமல் பிசினாக இழுத்தது. இன்னும் காய்ச்சினார், தீய்ந்த வாடைதான் வந்தது. மரத்தொட்டியில் கொட்டி வெயில் சாயும்வரை துழாவியும் இறுகவில்லை. வெல்லம் எடுக்கப் பரங்கிப்பேட்டையிலிருந்து வந்திருந்த பாய் துடுப்பைத் தூக்கிப் பார்த்தார்.

"ஜாஸ்தி எளகியிருக்கே அண்ணே. உருண்டை புடிக்காதே" என்று சொல்லிவிட்டு வெறும் வண்டியோடு திரும்பிப் போனார். ஊர்க்காரர்கள் நாலு பேர் பார்த்துக்கொண்டு நின்றார்கள்.

"சுண்ணாம்பு எத்தினி கை போட்டீங்க, மச்சான்?" என்று அப்பா கேட்டார்.

"எப்பவும் போல மூணு கைதான். பாப்பா பக்கத்துலதான் நின்னுச்சு, கேளுங்களேன்."

எல்லாரும் என்னைப் பார்த்தார்கள். அவர் போட்டது மூன்று கை. நான் எண்ணிக்கொண்டுதான் நின்றேன். ஆனால் சுண்ணாம்பு சரி என்றால் வேறு என்ன விழுந்தது என்று தேடுவார்களே!

"ரெண்டு கைதான்" என்றேன்.

மாமா என்மேல் கோபப்பட்டிருந்தால் பிழைத்திருப்பேன். அவர் தன் வலது கையை விரித்துப் பார்த்துக்கொண்டார். "பாப்பா ஏன் பொய் சொல்லப் போவுது. நான்தான் மறந்துட்டேன் போல" என்றார். அப்பா வேறு ஆள் பார்த்துக்கொள்வதாகச் சொன்னார். மற்ற வீடுகளிலும் கூப்பிடவில்லை. மறுநாள் காலை இருவரும் மூட்டையைத் தூக்கிக்கொண்டு எங்கள் வாசல் வழியாகத்தான் போனார்கள். நான் கதவுக்குப் பின்னால் நின்றேன்.

அதற்குப் பிறகு ஒருமுறைதான் அவரைப் பார்த்தேன். அந்த அறுபதுகளின் கடைசியில், காட்டுமன்னார்கோயில் போகிற வழியில் பஸ் மாறக் காத்திருந்தபோது, சாலையோரக் கொட்டகையில் கொப்பரை கொதித்துக்கொண்டிருந்தது. "ஒண்ணு... ரெண்டு... மூணு" என்று சத்தம்போட்டு எண்ணிச் சுண்ணாம்பு போட்டார் மாமா. "மூணுதானே?" என்று கேட்டார். "மூணுதான்" என்றார் பக்கத்தில் நின்ற அத்தை. என்னை அடையாளம் கண்டதும் முகமெல்லாம் சிரிப்பாக, சூட்டோடு ஒரு கட்டி வெல்லத்தை வாழையிலைத் துண்டில் வைத்துக் கொடுத்தார்.

"நீ அன்னிக்குச் சொன்னதுலேருந்து எண்ணித்தான் போடுறேன் பாப்பா. அத்தையையும் பக்கத்துல நிறுத்திக்கிறேன். கையை நம்ப முடியல பாரு."

சொல்லிவிட இரண்டுமுறை வாயெடுத்தேன். பஸ் வந்துவிட்டது. ஏறிவிட்டேன்.

எங்கள் கொல்லையில் இப்போது மனைக்குக் கல் நட்டிருக்கிறார்கள். வெல்லம் காய்ச்சிய ஆலைக்கொட்டகை இருந்த இடம் எது என்று எனக்கே தெரியவில்லை. மாமாவும் அத்தையும் போய்ச் சேர்ந்துவிட்டார்கள். வெல்லம் கடையில் பாக்கெட்டில் வருகிறது. பொங்கலன்று, "எத்தினி உருண்டை போட்டீங்க அத்தே?" என்று மருமகள் கேட்கிறாள். நானும் வருஷம் தவறாமல் சரியாகத்தான் சொல்கிறேன். என்ன பிரயோசனம்?

மூணு கைதான் போட்டீங்க, மாமா. நான் பக்கத்துலதான் நின்னேன்.