சுபமுகூர்த்தத்தில் எடுத்த சு

போன வாரம் விசிட்டிங் கார்டு அடிக்க வண்ணார்பேட்டையில் ஒரு கடைக்குப் போனேன். கம்ப்யூட்டர் முன்னால் இருந்த பெண்ணின் திரையில் அதே பழைய கோரல் டிரா மென்பொருள். புதுசு வந்து எவ்வளவோ ஆச்சே என்றேன். "இதுதான் சார் கைக்கு வாகா இருக்கு" என்றாள். அவளுக்கு ஒரு டீ வாங்கிக் கொடுக்கலாம் போலிருந்தது.

தொண்ணூறுகளில் நானும் இதே தெருவில் அதை வைத்துத்தான் கல்யாணப் பத்திரிகை வடிவமைத்தேன். வடிவமைத்தேன் என்பது சும்மா பெருமைக்கு. பிள்ளையாருக்கும் குத்துவிளக்குக்கும் நடுவே பெயர்களை அடுக்குவேன், அவ்வளவுதான். கோரலில் எழுத்தையும் படமாக்கிவிடலாம். எவ்வளவு பெருக்கினாலும் பிசிறடிக்காது. சிவகாசி அச்சகத்தில் எங்கள் தமிழ் ஃபாண்ட் கிடையாது என்பதால், அப்படி மாற்றித்தான் பிளாப்பியில் கொண்டுபோவோம். மாற்றியபின் புதிதாக ஒரு எழுத்தும் அங்கே தட்ட முடியாது.

அப்படிப் போயிருந்த ஒரு நாள், ஏரல் பாத்திரக்கடை அண்ணாச்சி வேர்த்து விறுவிறுத்து அங்கே வந்து நின்றார். அவர் மகள் கல்யாணப் பத்திரிகைதான் என் கையில். தங்கை கல்யாணப் பத்திரிகையில் தன் பெயரை மச்சானுக்குக் கீழே போட்டதற்காக அவர் தம்பி சுடலைமுத்து ஆறு வருஷமாகப் பேசவில்லை. அந்த வீம்பில் இவர் இந்தமுறை பெயரையே விட்டிருந்தார். அன்று காலை, சித்தப்பா வராமல் மணமேடை ஏற மாட்டேன் என்று மகள் அழுதிருக்கிறாள். எங்கள் கடைக்கு ஓடி, நான் சிவகாசி போனது தெரிந்து, அடுத்த பஸ்ஸில் ஏறிவிட்டார்.

"எப்படியாச்சும் அவன் பேர மொத வரிசைல போட்ரும் வே" என்றார்.

ஊருக்குப் போய்த் திரும்பினால் அச்சகத்தில் எங்கள் முறை போய்விடும். அச்சகத்துக் கம்ப்யூட்டரில், பத்திரிகையில் ஏற்கெனவே இருந்த எழுத்துகளிலேயே கை வைத்தேன். தலைப்பில் இருந்த 'சுபமுகூர்த்தப் பத்திரிகை'யில் சு. மண்டபத்தில் ட. காலையில் லை. முகூர்த்தத்தில் மு. 'நடத்துவதாக'வில் த்து. நகலெடுத்து ஒட்டினேன். தலைப்பிலிருந்து வந்த சு மட்டும் எவ்வளவு சுருக்கியும் கொஞ்சம் தடித்தே நின்றது. தம்பிக்காரர் இதற்கும் கோபித்துக்கொள்வாரோ என்று எனக்கு ஒரே பயம்.

அண்ணாச்சி பத்திரிகையைத் தம்பி வீட்டுக்குத் தானே கொண்டுபோய்க் கொடுத்தார். கல்யாணத்தன்று சுடலைமுத்து, வடிவமைத்தது யார் என்று விசாரித்து, அதை எடுத்துக்கொண்டு நேரே என்னிடம் வந்தார். விரல் சுவின் மேல் இருந்தது.

"இது பொறவு சேத்ததுல்லா? கீழ சிவகாசி பிரஸ்னு போட்ருக்கு. எனக்காவ எங்கண்ணன் சிவகாசிக்கே ஓடியிருக்கான் வே."

சிரித்தார், கண் கலங்கியிருந்தது. பந்தியில் எனக்கு ரெண்டாம் தடவை பாயசம் ஊற்றியதும் அவர்தான்.

இப்போது பத்திரிகை போனிலேயே வந்துவிடுகிறது. பெயர் விட்டுப்போனால் ரெண்டு நிமிஷத்தில் திருத்தி மறுபடி அனுப்புகிறார்கள். எழுத்தெல்லாம் ஒரே சீர். நல்லதுதான். ஆனால் எந்தப் பெயருக்காக யார் பஸ் ஏறினார்கள் என்று பார்த்தால் தெரிவதில்லை.